பிளாக் காஃபி: கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

தென்னாப்பிரிக்காவின் டீப் ஹவுஸ் என்ற நிதானமான மின்னணு நடன இசை பற்றிய குறிப்பில் பிளாக் காஃபியை முன்னோடி என்று எழுதியிருந்தீர்கள். பிறர் பதிவுசெய்த பாடல்களை ஓடவிடும் ஒரு டிஜே விட்டுச்செல்ல என்ன இருக்கிறது? கிராமி விருதால் வந்த மதிப்புதானே இது?

கே., திருச்சி

அன்புள்ள கே.,

விருதை முதலில் ஒதுக்கிவிடலாம். 2022இல் ‘சப்கான்ஷியஸ்லி’ தொகுப்புக்குக் கிராமி கிடைப்பதற்கு வெகுகாலம் முன்பே தென்னாப்பிரிக்காவில் அவருடைய இடம் உறுதியாகிவிட்டது. டீப் ஹவுஸை அந்நாட்டில் வேரூன்றச் செய்தவர் அவர் ஒருவர் மட்டுமல்லர் என்பதையும் சொல்ல வேண்டும். சிகாகோவில் பிறந்த ஹவுஸ் இசையை 1990களிலேயே வின்னி டா வின்சி, கிறிஸ்டோஸ் போன்ற டிஜேக்கள் ஹவுஸ் ஆஃப்ரிகா நிறுவனத்தின் தொகுப்புகள் வழியாகப் பரப்பினார்கள். சொவெட்டோ போன்ற கறுப்பினக் குடியிருப்புகளில், பயணிகளை ஏற்றிச்செல்லும் டாக்சி வேன்களிலும்கூட, அது அன்றாட இசையாகிவிட்டது.

பிளாக் காஃபி செய்தது வேறு. ந்கோசிநாத்தி மபுமுலோ என்பது அவருடைய இயற்பெயர். டர்பனில் பிறந்து, ம்தாத்தாவில் வளர்ந்து, மீண்டும் டர்பனுக்கு வந்து ஜாஸ் பயின்றவர். 2005இல் வெளிவந்த முதல் தொகுப்பில், தென்னாப்பிரிக்க ஜாஸ் எக்காளக் கலைஞர் ஹியூ மசெகெலாவின் ‘ஸ்டிமெலா’வை அவர் மறுஆக்கம் செய்திருந்தார். அண்டை நாடுகளிலிருந்து ஜோஹன்னஸ்பர்க் சுரங்கங்களுக்குத் தொழிலாளர்களை ஏற்றிவந்த ரயிலைப் பற்றிய பாடல் அது. மசெகெலா அதில் பெரும்பகுதியைப் பேச்சாகவே சொல்லி, ரயிலின் கூவலைத் தன் தொண்டையிலேயே எழுப்புவார். ஆடுவதற்கு எவரும் தேர்ந்தெடுக்காத அப்பாடலை ஹவுஸ் தாளத்தின் மேல் அமர்த்தியதன் மூலம், பெற்றோர் தலைமுறையின் துயரத்தைப் பிள்ளைகளின் ஆடரங்குக்குள் அவர் கொண்டுவந்தார். பிறர் பாடலை ஓடவிடுபவர் என்ற தங்கள் விவரிப்பு இங்கே போதாமல் போகிறது: எதை நிறுத்துவது, எதற்கு இடம் விடுவது என்ற தேர்வே இக்கலையின் இயற்றல்.

1990 பிப்ரவரியில் மண்டேலாவின் விடுதலையைக் கொண்டாடிய கூட்டத்துக்குள் ஒரு வாகனம் புகுந்ததில் பிளாக் காஃபியின் இடக்கை செயலிழந்தது. ஒரு கையால் இசைக்கிறார் என்பதையே எல்லாரும் முதலில் சொல்கிறார்கள். கேட்பவருக்கு அது தெரிய வேண்டிய அவசியமே இல்லை என்று நான் நினைக்கிறேன்.

‘சோலிஸ்டிக் மியூசிக்’ என்ற தம் நிறுவனத்தின் வழியாகக் குலோ டி சாங் போன்ற இளையவர்களுக்கு அவர் வழிவிட்டார். பின்னர் கௌட்டெங் மாகாணக் குடியிருப்புகளில் எழுந்த அமாபியானோ என்ற நடன இசை வகைக்கு அவர் மூலவர் அல்லர். எனினும் டீப் ஹவுஸின் நிதானமும் ஜாஸ் சாயல் கொண்ட பியானோவும் அதில் தொடர்வதைக் கேட்கும்போது, அவரும் சேர்ந்து பழக்கிய செவிகள்தாம் அதை ஏற்றுக்கொண்டன என்று தோன்றுகிறது.

விருது பெற்ற தொகுப்பில் உலகச் சந்தைக்கான பளபளப்புச் சற்று அதிகம் என்பது என் எண்ணம். ‘ஹோம் ப்ரூட்’ தொகுப்பில் பாடகி பூசி பாடிய ‘சூப்பர்மேன்’ பாடலிலிருந்து தொடங்குங்கள். 2017இல் கனடியப் பாடகர் டிரேக் தம் தொகுப்பில் எடுத்தாண்டது அதைத்தான்.