கேட்டுப் பெறுவது தியாகமா?

கேள்வி: 1956-இல் அமெரிக்காவின் சி.பி.எஸ். தொலைக்காட்சியில் ஒளிபரப்பான ‘ரெக்வியம் ஃபார் எ ஹெவிவெயிட்’ நாடகத்தையும், 1962-இல் வெளிவந்த அதன் திரைப்பட வடிவத்தையும் பார்த்தேன். நாடகத்தில் குத்துச்சண்டை வீரன் மவுண்டன் தன் மேலாளரைக் கைவிட்டு ஊர் திரும்புகிறான். திரைப்படத்திலோ அவரைக் காப்பாற்றச் செவ்விந்தியர் வேடமிட்டு மல்யுத்த மேடை ஏறுகிறான். தன்னலமற்ற தியாகம் திரைப்படத்தில்தானே முழுமையாக வெளிப்படுகிறது?

பதில்: எனக்கு நாடகத்தின் முடிவே உயர்ந்ததாகப் படுகிறது. இனியும் சண்டையிட்டால் பார்வை போய்விடும் என்று மருத்துவர் தடுத்துவிட்ட நிலையில், காசுக்காக ஒருமுறைகூடத் தோற்றுக்கொடுத்ததில்லை என்ற பெருமை ஒன்றே அவனிடம் மிஞ்சியிருக்கிறது. மவுண்டனுக்கு எதிராகவே பந்தயம் கட்டிக் கடனாளியான மேலாளர் மெய்ஷ், முடிவு முன்பே தீர்மானிக்கப்பட்ட மல்யுத்தத்தில் இறங்கச் சொல்லி அந்த ஒன்றையும் கேட்கிறார். மெய்ஷுக்காக அவன் முதலில் இசையும்போது அந்தத் துரோகம் அவனுக்குத் தெரியாது. உண்மையை மறைத்துக் கேட்கப்பட்டதைக் கொடுப்பவன் ஏமாந்தவனே ஒழிய ஈந்தவன் ஆகமாட்டான். உண்மை தெரிந்ததும் அவன் மறுப்பதை நன்றிகேடு என்று என்னால் சொல்ல முடியாது. திரைப்படத்தில் அனைத்தும் அறிந்தே மேடை ஏறுகிறான் என்பதையும், ஆந்தனி குவின் நடிப்பில் அக்காட்சி நெஞ்சை உலுக்குகிறது என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். ஆயினும் அங்கே மெய்ஷின் பிழைக்கான விலையை மவுண்டன் கட்டுகிறான். பிழை செய்தவர் அதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார்.

கதாசிரியர் ராட் செர்லிங் தன்னலமின்மையை வேறு இருவரிடம் வைத்திருக்கிறார் என்பது என் கருத்து. வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பணிபுரியும் கிரேஸ், முகம் சிதைந்த அந்த மனிதனுக்கு மதிப்பான பிழைப்பொன்றைத் தேடித்தர முயல்கிறாள். காயங்களுக்கு மருந்திடும் முதியவர் ஆர்மி, அவனுடைய மானத்தைக் காக்க மெய்ஷை எதிர்த்தே பேசுகிறார். இருவரும் அவனிடம் எதையும் கேட்பதில்லை.

கேள்வி: நாடகத்தில் ஆர்மியாக நடித்த எட் வின், மெய்ஷாக நடித்த கீனன் வின்னின் உறவினரா?

பதில்: தந்தை. வாழ்நாளெல்லாம் நகைச்சுவை நடிகராகவே அறியப்பட்டிருந்த எட் வின், இந்தத் தீவிரமான பாத்திரத்துக்கான ஒத்திகைகளில் மிகவும் தடுமாறியதால் அவருக்குப் பதிலாக வேறொரு நடிகரும் ஆயத்தமாக வைக்கப்பட்டிருந்தார். நேரடி ஒளிபரப்பு என்பதால் தவறினால் திருத்த வழியில்லை. அக்டோபர் 11 அன்று இரவு அவர் தவறவில்லை. மகனுக்கு எதிரே நின்று அவர் பேசும் காட்சிகளை, இந்தச் செய்தியை மனத்தில் வைத்து இன்னொரு முறை பாருங்கள்.