மார்க் வாங்கிய பிறகு வந்த படிவம்

கேள்வி: "நூறு வருடத்துக்கு முன் வெறுங்கையோடு அமெரிக்கா போன யூதர்கள் படித்தே மேலே வந்தார்கள். உழைப்பவனை எந்த வெறுப்பும் தடுக்காது" என்று என் மாமா அடிக்கடி சொல்கிறார். வீட்டில் அவருக்கு மறுபேச்சு கிடையாது. அவர் சொல்வது சரியா?
– ஒரு கல்லூரி மாணவி

பதில்: படித்து மேலே வந்தார்கள் என்பது உண்மை. 1881-க்கும் 1924-க்கும் இடையில் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து இருபது லட்சத்துக்கும் அதிகமான யூதர்கள் அமெரிக்காவுக்குக் குடியேறினார்கள். நியூயார்க்கின் லோயர் ஈஸ்ட் சைடில் ஒண்டுக்குடித்தனம், தையல் பட்டறையில் வேலை. ஆனால் 'வெறுங்கை' என்பதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். பலருக்குத் தையல் தொழில் தெரிந்திருந்தது. அவர்கள் பிள்ளைகளுக்கு, கட்டணமே வாங்காத சிட்டி காலேஜ் அதே ஊரில் இருந்தது. அப்படியொரு கல்லூரி இல்லாமல் உழைப்பு மட்டும் எத்தனை பேரைக் கரையேற்றியிருக்கும்?

உழைத்தும் கரையேறாதவர்கள் உண்டு. 1911 மார்ச் 25 அன்று நியூயார்க்கின் டிரையாங்கிள் ஆடைத் தொழிற்சாலையில் தீப்பிடித்து 146 பேர் செத்தார்கள். பெரும்பாலும் யூத, இத்தாலிய இளம்பெண்கள். ஒன்பதாவது மாடியில் தப்பிக்க வேண்டிய கதவு பூட்டிக் கிடந்தது. முதலாளிகளும் குடியேறிய யூதர்கள்தான் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

வெறுப்பு தடுக்காது என்கிறாரே, அங்கேதான் மாமா தவறுகிறார். ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தைப் பாருங்கள். பரீட்சையில் மார்க் வாங்கி யூதப் பிள்ளைகள் உள்ளே போனார்கள். 1922 வாக்கில் மாணவர்களில் ஏறக்குறைய ஐந்தில் ஒருவர் யூதர். அப்போதுதான் பல்கலைக்கழகத் தலைவர் லோவெல் அவர்கள் எண்ணிக்கைக்கு வரம்பு கட்ட முனைந்தார். ஆசிரியர்கள் வெளிப்படையான ஒதுக்கீட்டை ஏற்கவில்லை. ஆனால் அந்த ஆண்டிலேயே விண்ணப்பப் படிவத்தில் புதுக் கேள்விகள் முளைத்துவிட்டன: உன் பெயரோ அப்பா பெயரோ மாற்றப்பட்டதா? அம்மாவின் பிறந்த வீட்டுப் பெயர் என்ன? அப்பா எங்கே பிறந்தார்? யார் யூதர் என்று கண்டுபிடிக்கத்தான் இந்தக் கேள்விகள். பிறகு புகைப்படமும் கேட்டார்கள். மார்க்கோடு 'குணநலனை'யும் எடைபோட்டார்கள். யூத மாணவர் விகிதம் சரிந்தது. படிக்காததால் வந்த தடை இல்லை இது, நன்றாகப் படித்ததால் வந்தது. எனக்கு இன்றும் ஆறாத விஷயம் இது.

உச்சியைத் தொட்டவரையும் அந்த வெறுப்பு விடவில்லை. 1916-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் முதல் யூத நீதிபதியானார் லூயிஸ் பிராண்டைஸ். சக நீதிபதி மெக்ரெனால்ட்ஸ் அவரிடம் முகங்கொடுத்துப் பேசவே மறுத்தார்.

மாமாவிடம் வாதாட வேண்டாம். அந்தப் படிவத்தைப் பற்றிச் சொல்லிவிட்டு, "பரீட்சையில் ஜெயித்த பையனிடம் அப்பா பிறந்த ஊரை எதற்குக் கேட்டார்கள், மாமா?" என்று மட்டும் கேளுங்கள். பெரியவரை எதிர்த்துப் பேசுகிறோமோ என்று தயங்காதீர்கள். அவர் மதிக்கும் அந்த மனிதர்களின் கதையைத்தான் முழுதாகச் சொல்கிறீர்கள்.