சொட்டு மருந்து இல்லாமல் கண்புரை ஆபரேஷன்: வாசகர் கேள்விகளுக்குக் கண் மருத்துவர்களின் பதில்கள்

என் அம்மாவுக்கு 74 வயது. தனியாக இருக்கிறார், கைநடுக்கமும் உண்டு. கண்புரை ஆபரேஷனுக்குப் பிறகு சொட்டு மருந்தே வேண்டாம், எல்லா மருந்தையும் ஆபரேஷனின்போதே கண்ணுக்குள் வைத்துவிடலாம் என்கிறார் டாக்டர். சொட்டு போடாவிட்டால் தொற்று வராதா?

உங்கள் அம்மாவைப் போன்றவர்களை நினைத்துத்தான் இந்த முறையே வந்தது. வழக்கமாக எழுதித் தரும் சொட்டுகளைக் கணக்குப் பாருங்கள். ஆன்டிபயாடிக் தினம் 4 முறை, ஒரு வாரம்: 28 சொட்டு. ஸ்டீராய்டு முதல் வாரம் 4 முறை, அடுத்தடுத்த வாரங்களில் 3, 2, 1 என்று குறைத்து: 70 சொட்டு. ஸ்டீராய்டு அல்லாத, அழற்சியைக் (வீக்கம், சிவப்பு) குறைக்கும் மருந்து தினம் 3 முறை, 4 வாரம்: 84 சொட்டு. ஆக ஒரு கண்ணுக்கு 182 சொட்டு. டாக்டருக்கு டாக்டர் இந்தக் கணக்கு மாறும், ஆனால் பெரிதாகக் குறையாது. முன்பு சொட்டு மருந்து போட்டுப் பழக்கமில்லாத கண்புரை நோயாளிகளைக் கவனித்து 2014-இல் வெளிவந்த ஒரு ஆய்வில், 10 பேரில் 9 பேருக்கு மேல் தவறாகவே போட்டார்கள். கை கழுவவில்லை, குப்பியின் நுனி கண்ணிலோ இமையிலோ பட்டது, சொட்டு கண்ணில் விழாமல் கன்னத்தில் விழுந்தது.

தொற்று பற்றிய உங்கள் பயம் நியாயமானது. ஆனால் இந்த விஷயத்தில் சான்று உள்ளே செலுத்தும் மருந்தின் பக்கமே வலுவாக இருக்கிறது. கண்ணுக்குள் போகும் கிருமிகள் பெரும்பாலும் நோயாளியின் சொந்த இமை ஓரத்திலும், விழியின் வெள்ளைப் பகுதியை மூடியிருக்கும் மெல்லிய வெண்படலத்திலும் இருப்பவை. ஆபரேஷன் நேரத்தில் கீறல் வழியாக அவை உள்ளே நுழைகின்றன. வெளியே விடும் சொட்டில் 5 சதவீதத்துக்கும் குறைவாகத்தான் கண்ணுக்குள் போய்ச் சேரும். ஆபரேஷனின் கடைசிக் கட்டமாக கருவிழிக்குப் பின்னால் உள்ள முன்னறைக்குள் 0.1 மி.லி. ஆன்டிபயாடிக்கைச் செலுத்தினால், கிருமி இருக்கும் இடத்திலேயே மருந்தும் முழு வீரியத்துடன் இருக்கும். செஃப்யூராக்ஸிம் என்றால் 1 மி.கி.; மாக்ஸிஃப்ளாக்ஸசின் என்றால் பெரும்பாலும் 0.5 மி.கி. ஐரோப்பியக் கண்புரை அறுவை மருத்துவர் சங்கம் 2007-இல் வெளியிட்ட ஆய்வில், செஃப்யூராக்ஸிம் செலுத்தாதவர்களுக்கு உள்கண் தொற்று ஏறத்தாழ 5 மடங்கு அதிகமாக இருந்தது. அரவிந்த் கண் மருத்துவமனைகளில் 6 லட்சத்துக்கும் மேற்பட்ட ஆபரேஷன்களை அலசி 2017-இல் வெளியிட்ட கணக்கில், மாக்ஸிஃப்ளாக்ஸசின் செலுத்தியபின் தொற்று 0.07 சதவீதத்திலிருந்து 0.02 சதவீதமாக இறங்கியது.

ஸ்டீராய்டை எங்கே வைப்பது என்பதில் பல வழிகள் உண்டு. ட்ரையம்சினலோன் என்ற ஸ்டீராய்டை வெண்படலத்துக்கு அடியிலோ அதற்கும் கீழே உள்ள உறைக்கு அடியிலோ ஊசியால் வைக்கலாம். மாக்ஸிஃப்ளாக்ஸசினோடு கலந்து கண்ணின் பின்பகுதியை நிரப்பியிருக்கும் கூழான விட்ரியஸுக்குள் செலுத்தலாம். 0.4 மி.கி. டெக்ஸாமெத்தசோன் அடங்கிய மெல்லிய குச்சியை, இமையின் உள்மூலையில் கண்ணீர் வடியும் துளைக்குள் செருகலாம். அது 30 நாள் வரை மருந்தைச் சிறிது சிறிதாக விட்டு, தானே கரைந்துபோகும்.

மூன்றாவது வகையான ஸ்டீராய்டு அல்லாத மருந்தில்தான் இந்த முறை இன்னும் பலவீனமாக இருக்கிறது. ஆபரேஷனின்போது கண்ணைக் கழுவும் திரவத்தில் கெட்டொரோலாக் சேர்ப்பது உண்டு. அது பாவை சுருங்காமல் பார்த்துக்கொள்ளும், அன்றைய வலியையும் குறைக்கும். ஆனால் 4 வாரம் நீடிக்காது. அதனால் பல டாக்டர்கள் தினம் ஒரே ஒரு முறை போடும் ஒரு சொட்டை மட்டும் வைத்துக்கொள்கிறார்கள். எங்கள் பார்வையில் அதுவே நல்ல நடுவழி. அம்மாவுக்குக் கண் அழுத்த நோய் (கிளாக்கோமா) இல்லை, விழித்திரையும் சரியாக இருக்கிறது என்றால் தயங்காமல் ஒத்துக்கொள்ளுங்கள். அந்த ஒரு சொட்டைக்கூட யார் போட்டுவிடுவது என்பதை மட்டும் முன்கூட்டியே முடிவு செய்துவிடுங்கள்.

எனக்கு 15 வருடமாகச் சர்க்கரை நோய். கண் அழுத்த நோய்க்கும் மருந்து போடுகிறேன். சொட்டு இல்லாத முறை உங்களுக்குச் சரிவராது என்று டாக்டர் சொல்லிவிட்டார். எனக்கு வருத்தம்தான். காரணம் என்ன?

உங்கள் டாக்டர் சரியாகத்தான் சொல்லியிருக்கிறார். சிலருக்கு ஸ்டீராய்டு பட்டால் கண்ணுக்குள் அழுத்தம் ஏறும். கண் அழுத்த நோய் உள்ளவர்கள், அவர்களின் நேர் ரத்த உறவினர்கள், அதிகக் கிட்டப்பார்வை உள்ளவர்கள், சர்க்கரை நோயாளிகள் ஆகியோருக்கு இதற்கான வாய்ப்பு கூடுதல். இந்த ஏற்றம் பெரும்பாலும் உடனே தெரியாது, சில வாரங்கள் கழித்தே தெரியும். சொட்டாகப் போட்டுக்கொண்டிருந்தால் அன்றைக்கே நிறுத்திவிடலாம், அல்லது வீரியம் குறைந்த ஸ்டீராய்டுக்கு மாற்றலாம். ஊசியால் உள்ளே வைத்த மருந்தை நிறுத்த முடியாது. விட்ரியஸுக்குள் போனது கரையும் வரை காத்திருக்க வேண்டும். வெண்படலத்துக்கு அடியில் வைத்ததை எடுக்க இன்னொரு சிறு அறுவை தேவைப்படலாம். கண்ணீர்த் துளையில் செருகிய குச்சி மட்டும் எளிதாக வெளியே வந்துவிடும். ஏற்கெனவே நரம்பு பாதிக்கப்பட்ட கண்ணில், சில வாரம் ஏறி நிற்கும் அழுத்தம்கூடப் பார்வையில் ஒரு பகுதியை நிரந்தரமாகப் பறித்துவிடலாம்.

சர்க்கரை நோய் இரண்டாவது காரணம். ஆபரேஷன் முடிந்து 4 முதல் 6 வாரத்துக்குள், விழித்திரையின் நடுப்பகுதியான மாக்குலாவில் நீர் கோத்து வீங்குவது உண்டு. சர்க்கரை நோயாளிகளுக்கு இது அதிகம். இதைத் தடுக்க நன்றாக உதவுவது, முன் பதிலில் பலவீனமான பகுதி என்று சொன்னோமே, அந்த மூன்றாவது வகைச் சொட்டுதான். ஆபரேஷன் முடிவில் வெண்படலத்துக்கு அடியில் 40 மி.கி. ட்ரையம்சினலோன் வைத்தாலும் சர்க்கரை நோயாளிகளுக்கு மாக்குலா வீக்கம் குறைந்ததாக ஐரோப்பிய ஆய்வு ஒன்று 2018-இல் காட்டியது. ஆனால் அப்படி வைத்தவர்களில் சிலருக்குக் கண் அழுத்தம் ஏறியது. உங்களுக்கு இரண்டு நோயும் சேர்ந்திருப்பதால் அந்த வழியும் அடைபடுகிறது.

உங்களுக்கும் ஆன்டிபயாடிக்கைக் கண்ணுக்குள் செலுத்தச் சொல்லிக் கேளுங்கள். சர்க்கரை நோயோ கண் அழுத்த நோயோ அதற்குத் தடை இல்லை. ஆன்டிபயாடிக் சொட்டு குறைந்தாலே சுமை ஓரளவு இறங்கும்.

முன்பு யுவியைட்டிஸ் என்ற கண்ணின் உள் அழற்சி வந்தவர்கள், கருவிழியில் ஹெர்பீஸ் புண் வந்தவர்கள், விழித்திரையில் டாக்ஸோபிளாஸ்மோசிஸ் என்ற ஒட்டுண்ணித் தொற்றின் தழும்பு உள்ளவர்கள் ஆகியோருக்கும் இதைத் தனியாக யோசித்தே முடிவு செய்ய வேண்டும். இன்னொன்று: எல்லாம் சரி என்று மேஜைக்குப் போனபின்பும், லென்ஸின் பின்னுறை கிழிந்துவிட்டால் திட்டம் மாறும். அப்போது மாக்குலா வீக்கம், தொற்று இரண்டுக்குமே வாய்ப்பு கூடிவிடுவதால், சொட்டு எழுதித் தருவார்கள். ஏமாற்றிவிட்டார்கள் என்று எண்ண வேண்டாம்.

ஆபரேஷன் ஆகி மூன்று நாள் ஆகிறது. கண்ணுக்குள் மருந்து வைத்திருக்கிறார்கள். புகை போலவும் கரும்புள்ளி போலவும் ஏதோ மிதக்கிறது. பயப்பட வேண்டுமா?

விட்ரியஸில் மருந்து வைத்திருந்தால் இது எதிர்பார்த்ததுதான். ட்ரையம்சினலோன் தண்ணீர் போல் தெளிந்த மருந்து அல்ல. பால் நிறத்தில் துகள்கள் மிதக்கும். அந்தத் துகள்களின் நிழல்தான் உங்களுக்குப் புகையாகத் தெரிகிறது. பெரும்பாலோருக்குச் சில நாட்களில் குறைந்து, ஓரிரு வாரத்தில் மறைந்துவிடும். இரவில் இரண்டு தலையணை வைத்துத் தலையை உயர்த்திப் படுத்தால் துகள்கள் பார்வைப் பாதையிலிருந்து கீழே இறங்கும். மறுநாள் பார்வை தெளிவாக இருக்கும் என்று நம்பியவர்களுக்கு இது பெரிய அதிர்ச்சி. ஆபரேஷனுக்கு முன்பே சொல்லியிருக்க வேண்டிய விஷயம் இது.

ஆனால் புள்ளிகள் திடீரென்று பெருகினாலோ, மின்னல் வெட்டுவது போல் ஒளி தெரிந்தாலோ, ஓரத்திலிருந்து திரை விழுவது போல் மறைத்தாலோ அன்றே போய்ப் பாருங்கள், விழித்திரை விலகியிருக்கலாம். உள்கண் தொற்று பெரும்பாலும் முதல் வாரத்திலேயே தலைகாட்டும்: கூடிக்கொண்டே போகும் வலி, சிவப்பு, இமை வீக்கம், பார்வைக் குறைவு. உள்ளே ஸ்டீராய்டு இருக்கும்போது வலியும் சிவப்பும் மட்டுப்பட்டிருக்கலாம். அதனால் நேற்றைவிட இன்று பார்வை மங்கினால், வலி இல்லாவிட்டாலும் அதுவே போதுமான காரணம். காலை வரை காத்திருக்காதீர்கள். முதல் நாள் இரவு கடும் தலைவலியும் வாந்தியும் வந்தால், அது அழுத்தம் ஏறியதாக இருக்கலாம்.

அப்படியானால் ஆபரேஷனுக்கு முந்தைய சொட்டுகளும் வேண்டாமா?

வேண்டும். பாவையை விரிக்கும் சொட்டு, மரக்க வைக்கும் சொட்டு, எல்லாவற்றுக்கும் மேலாக 5 சதவீத போவிடோன் அயோடின் சொட்டு ஆகியவை அப்படியேதான் இருக்கும். அயோடினை விட்டுக் குறைந்தது 3 நிமிடமாவது காத்திருப்பது தொற்றைத் தடுப்பதில் முதல் படி.

உள்ளே வைக்கும் மருந்தில் தவறு நேர்ந்தால்? டாக்டரிடம் என்ன கேட்க வேண்டும்?

என்ன மருந்து, எந்த இடத்தில் வைக்கிறீர்கள், ஆலையிலிருந்து அப்படியே வந்ததா, இங்கே கலந்து தயாரிப்பதா என்று கேளுங்கள். தயக்கமே வேண்டாம். செஃப்யூராக்ஸிமை ஊசிப்பொடியிலிருந்து கரைத்தெடுக்கும்போது அளவு தப்பி, விழித்திரை வீங்கிய சம்பவங்கள் பதிவாகியுள்ளன. மாக்ஸிஃப்ளாக்ஸசினில் கெடாமல் காக்கும் வேதிப்பொருளோ, கண்ணில் அதிக நேரம் தங்குவதற்கான பசைப்பொருளோ சேர்ந்த சொட்டு மருந்தை உள்ளே செலுத்தினால், 12 முதல் 48 மணி நேரத்துக்குள் கிருமியே இல்லாமல் கடும் அழற்சி வரலாம். கருவிழி முழுக்க வெளுத்துப்போகலாம்.

கலவையில் வான்கோமைசின் என்ற ஆன்டிபயாடிக் இருக்கிறதா என்று தனியாகக் கேளுங்கள். அது அரிதாகச் சிலருக்கு விழித்திரை ரத்தக்குழாய்களை அடைத்து, ரத்தம் கசியச் செய்து, பார்வையைப் பறித்திருக்கிறது. வலியே இல்லாமல், சில நாட்கள் முதல் 3 வாரம் வரை தாமதமாக வருவதுதான் இதில் கொடுமை. அதற்குள் இரண்டாவது கண்ணிலும் அதே மருந்தை வைத்துவிடுகிறார்கள். ட்ரையம்சினலோன், மாக்ஸிஃப்ளாக்ஸசின், வான்கோமைசின் மூன்றும் சேர்ந்த ஊசி பற்றி அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2017 அக்டோபரில் எச்சரித்தது. தடுப்புக்காக மட்டும் வான்கோமைசின் தேவையில்லை என்பது எங்கள் உறுதியான கருத்து.

பெனிசிலின் அல்லது செஃபலோஸ்போரின் (செஃப்யூராக்ஸிம் இந்த வகைதான்) ஒவ்வாமை இருந்தால் முன்பே சொல்லிவிடுங்கள். ஸ்டீராய்டு வைத்த கண்ணில் அழுத்தத்தை முதல் வாரத்தோடு விட்டுவிடாமல் 4 வாரத்திலும், 6 முதல் 8 வாரத்துக்குள்ளும் அளக்க வேண்டும். சொட்டு இல்லை என்பதால் பரிசோதனைக்குப் போகாமல் இருப்பவர்கள்தான் அதிகம் மாட்டிக்கொள்கிறார்கள்.

எனக்குச் சொட்டுதான் என்று முடிவாகிவிட்டது. கை நடுங்குகிறது. எப்படிப் போடுவது?

உட்கார்ந்து போடாமல் படுத்துக்கொள்ளுங்கள். கையை சோப்புப் போட்டுக் கழுவுங்கள். ஸ்டீராய்டு சொட்டு கலங்கலாக இருந்தால் நன்றாகக் குலுக்குங்கள். குலுக்காவிட்டால் முதல் நாட்களில் வெறும் நீரும், குப்பி தீரும்போது அளவுக்கு மீறிய மருந்தும் விழும். ஒரு கையால் கீழிமையை இழுத்துப் பிடித்து, குப்பி பிடித்த கையின் மணிக்கட்டை நெற்றியில் ஊன்றிக்கொள்ளுங்கள். நடுக்கம் குறையும். நுனி எதிலும் படக்கூடாது. ஒரு சொட்டு போதும். கண் அதற்கு மேல் தாங்காது, மிச்சம் வெளியே வழிந்துவிடும். பிறகு கண்ணை மெதுவாக மூடி, மூக்கோரத்து உள்மூலையை ஒரு நிமிடம் லேசாக அழுத்துங்கள். விழிக்கோளத்தை அழுத்தவே கூடாது. அடுத்த மருந்துக்கு 5 நிமிட இடைவெளி விடுங்கள். குப்பி திறந்த தேதியை அதன் மேலேயே எழுதி வைத்து, 4 வாரம் ஆனதும் மருந்து மிச்சமிருந்தாலும் கொட்டிவிடுங்கள். அந்தக் குப்பியை மற்றக் கண்ணின் ஆபரேஷனுக்கு எடுத்து வைக்காதீர்கள்.