வாய்க்காலைத் தாண்டி நடங்க: புதுச்சேரி ஹெரிடேஜ் வாக் கேள்வி பதில்

போன இதழ்ல புதுச்சேரி பழைய ஊரை நடந்து பாக்குறது பத்தி நாலு வரி எழுதினோம், அதுக்கு வந்த கேள்விங்கள்ல திரும்பத் திரும்ப வந்ததை எல்லாம் ஒண்ணாக்கி இங்க பதில் சொல்லியிருக்கோம்.

கே: மஞ்சள் சுவர், போகன்வில்லா எல்லாம் போட்டோல ஆயிரம் தடவை பாத்தாச்சு. மேப்பும் போன்லயே இருக்கு. இதுக்கு ஒரு கைடு வெச்சு காசு குடுத்து நடக்கணுமா? – வாசகர், திண்டிவனம்

ப: போட்டோ மட்டும் போதும்னா வேணாம், தாராளமா தனியா போங்க. ஆனா ஒண்ணு, பிரெஞ்சு பக்கத்துல துய்மா வீதியிலயோ ரோமன் ரோலண்ட் வீதியிலயோ நடக்கும்போது நீங்க பாக்குறது முக்கால்வாசி வீடே இல்ல, வீட்டோட காம்பவுண்டு சுவரு. வீடு உள்ள தோட்டத்தைப் பாத்து உக்காந்திருக்கும், தெருவுக்கு முதுகைக் காட்டிட்டு. அந்த கேட்டு ஏன் அவ்வளவு அகலம் (குதிரை வண்டி உள்ள போகணும்ல), சுவர்ல தூண் மாதிரி பொடச்சிட்டு நிக்கிற பட்டை எதுக்குன்னு சொல்ல கூட ஒரு ஆள் இருந்தா நடை வேற மாதிரி இருக்கும்.

அப்புறம் ஊரோட அமைப்பு. மேப்ல பாருங்க, பழைய ஊரைச் சுத்தி புல்வார் ரோடு முட்டை வடிவத்துல ஓடும், உள்ள தெருவெல்லாம் ஸ்கேல் வெச்சு கோடு போட்ட மாதிரி நேரா இருக்கும். இந்த நேர்கோட்டு பிளான்ல டச்சுக்காரங்க கையும் இருக்கு, 1693ல ஊரைப் புடிச்சு 1699 வரைக்கும் வெச்சிருந்தவங்க அவங்க. 1761ல இங்கிலீஷ்காரங்க முற்றுகை போட்டுப் புடிச்சு ஊரை இடிச்சுத் தள்ளினாங்க, 1765க்கு அப்புறம் பிரெஞ்சுக்காரங்க திரும்பி வந்து பழைய தெருக் கோடு மேலயே மறுபடி கட்டினாங்க. அதனால யாராவது ஒரு வொயிட் டவுன் (பிரெஞ்சு பக்கம்தான்) பங்களாவைக் காட்டி இது 1700ல கட்டினதுன்னு சொன்னா லேசா சிரிச்சுட்டு அடுத்த வீட்டுக்குப் போயிடுங்க.

கே: தமிழ்ப் பகுதி வீடு, பிரெஞ்சு பகுதி வீடு, ரெண்டையும் பாத்ததும் எப்படி கண்டுபுடிக்கிறது? கைடு சொல்லும்போது தலையாட்டினேன், வீட்டுக்கு வந்ததும் எல்லாம் மறந்து போச்சு. – வாசகி, கடலூர்

ப: ஆம்பூர் சாலைக்கும் செஞ்சி சாலைக்கும் நடுவுல ஓடுற பெரிய வாய்க்கால்தான் எல்லைக்கோடு. கிழக்கால கடல் பக்கம் பிரெஞ்சு, மேக்கால தமிழ். ஆனா வாய்க்காலை மறந்துட்டாலும் பரவால்ல, வீடு தெருவை எப்படி நடத்துதுன்னு மட்டும் பாருங்க.

தமிழ் வீட்டுல மொதல்ல தாழ்வாரம். வீட்டுக்கு முன்னால மரக்கால் நட்டு, ஓடு வேஞ்சு, தெரு ஓரத்துக்கே நிழல் குடுத்திருப்பாங்க. அது வீட்டுக்காரங்களுக்குன்னு போட்டதில்ல, போறவன் வர்றவன் மழைக்கு ஒதுங்க, வெயிலுக்கு நிக்க. அதுக்கு அடுத்து ஒரு படி ஏறினா திண்ணை, அது தெரிஞ்சவங்களுக்கு. அதையும் தாண்டினா வேலைப்பாடு செஞ்ச வாசக்கால், நிலைக்கு மேல கஜலட்சுமி, பக்கத்துல விளக்கு வைக்க ஒரு சின்ன மாடம். அப்புறம் நடை (உள்ள போற ரேழி), அதுக்கு அந்தப் பக்கம் முற்றம். தெருவுல நிக்கிறவனை வீடு கொஞ்சம் கொஞ்சமா உள்ள கூப்பிடுற ஏற்பாடு இது, எந்த இடத்துல நிறுத்தணுமோ அந்த இடத்துல நிறுத்தவும் தெரியும். வரிசையா எல்லா வீட்டுத் தாழ்வாரமும் சேந்து இருந்த காலத்துல தெரு முழுக்க நிழல்லயே நடந்திருக்கலாம், இப்ப நிறைய வீட்டுல அதை எடுத்துட்டு பைக் நிறுத்துறாங்க, அது வேற வயித்தெரிச்சல்.

பிரெஞ்சு வீட்டுல இந்த பேச்சே கிடையாது. சுவர், கேட்டு, தோட்டம், அதுக்கப்புறம் வரிசைத் தூண் வெச்ச வராண்டா. உசந்த கூரை, வளைவு வெச்ச ஜன்னல், சாய்வா பட்டை அடிச்ச மரக் கதவு.

நீங்க குழம்பினது மூணாவது வகையில, அதாவது ரெண்டும் கலந்த வீட்டுலன்னு நெனைக்கிறேன். கீழ திண்ணை, தாழ்வாரம், மரத் தூண், சுத்தமான தமிழ் வீடு. தலையைத் தூக்கினா மாடியில வளைவு ஜன்னல், உருண்டைத் தூண், சுதை பூ வேலை, கைப்பிடிச் சுவர்ல குண்டுக் குண்டா பொம்மைத் தூணு. மாடி கட்டுற அளவுக்கு காசு வந்தப்போ அன்னைக்கு என்ன பேஷனோ அதை மேல கட்டிக்கிட்டாங்க, கீழ பாட்டியோட திண்ணையில கை வைக்கல. ரங்கப்பிள்ளை வீதியில ஆனந்தரங்கப் பிள்ளை வீடு இதுக்கு பெரிய உதாரணம், 1738ல கட்டினது, 1761 இடிப்பையும் தாண்டி நிக்குது. பிரெஞ்சு கவர்னர் துய்ப்ளேக்சுக்கு துபாஷா (மொழிபெயர்ப்பாளரா, தரகரா) இருந்து, நாட்குறிப்பு எழுதி வெச்சாரே அவர்தான். கீழ நம்மூர் மரத் தூண், மேல வெளிநாட்டுத் தூண்.

என்னைக் கேட்டா பாதி பேர் வாக்கை தப்பான பக்கத்துல முடிச்சுட்டு வந்துடறாங்க. கட்டடக்கலை பாக்கணும்னா வாய்க்காலைத் தாண்டித்தான் ஆகணும்.

கே: எல்லா வீட்டுக்கும் ஏன் மஞ்சள் பெயின்ட்? பழைய வீடுங்க ஏன் திடீர் திடீர்னு இடிஞ்சு விழுது? – வாசகர், விழுப்புரம்

ப: பெயின்ட் இல்லங்க, ஒரிஜினலா அது சுண்ணாம்பு. நீத்த சுண்ணாம்புல காவி மண்ணு, மஞ்சள் மண்ணு மாதிரி கலர் மண்ணைக் கலந்து அடிப்பாங்க. சுவரே செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்தும்தான், சாந்துல கடுக்காய்த் தண்ணி, வெல்லம் எல்லாம் போகும். சுண்ணாம்பு மூச்சு விடும், மழையில உறிஞ்சினதை வெயில்ல வெளிய விட்டுடும். அதனாலதான் கடல் ஓரத்துல இத்தனை வருஷம் நின்னுச்சு.

இப்ப நடக்கிறது என்னன்னா, கீழ கொஞ்சம் உதிருதேன்னு ரிப்பேருக்கு வர்ற மேஸ்திரி சிமென்ட்டை எடுத்து பூசிடறாரு, மேல பிளாஸ்டிக் பெயின்ட். ஈரம் வெளிய வர வழியில்லாம உள்ளயே தங்கி, உப்போட சேந்து மேல ஏறி, சிமென்ட் பூச்சு முடியிற எடத்துக்கு மேல வந்து வெடிக்கும். நடக்கும்போது இடுப்பு உயரத்துல பாருங்க, ஒரு கோடு மாதிரி தெரியும், கீழ வழவழன்னு சாம்பல் கலர், மேல பொருபொருன்னு உப்பு பூத்து செங்கல் தெரியும். விரலை வெச்சா மாவு மாதிரி கொட்டும் (வைக்காதீங்க). அதை ஒரு தடவை பாத்துட்டீங்கன்னா அப்புறம் எந்த ஊர் பழைய சுவரைப் பாத்தாலும் கண்ணு அங்கதான் போகும்.

கூரையில இன்னொரு கதை. மெட்ராஸ் டெரஸ்னு சொல்வாங்க, மர உத்தரத்து மேல சின்னச் சின்ன செங்கல்லை கோணலா நிறுத்தி வெச்சு சுண்ணாம்புல ஒட்டி, அதுமேல செங்கல் ஜல்லி கலவை போட்டு கெட்டிச்சு, மேல தட்டோடு பதிப்பாங்க. தண்ணி வடியிற வரைக்கும் பிரச்சனை இல்ல. எங்கயாவது அடைச்சு, உத்தரத்தோட முனை சுவருக்குள்ள இருக்குற எடத்துல ஈரம் புடிச்சு இத்துப் போனா அவ்வளவுதான், வெளிய இருந்து பாத்தா ஒண்ணுமே தெரியாது. கடற்கரையில 1870கள்ல கட்டின மேரி கட்டடம் (பிரெஞ்சுல நகராட்சி ஆபீஸ்னு அர்த்தம்) 2014 நவம்பர் மழையில அப்படியே சரிஞ்சு விழுந்துச்சு. பழைய முகத்தோட திரும்பக் கட்டி 2021ல திறந்தாங்க, இப்ப நீங்க பாக்குறது அதுதான்.

கே: நான் தமிழ்ப் பகுதியிலயே குடியிருக்கேன். காலையில வாசல் தெளிக்க கதவைத் திறந்தா எதிர்ல ஒரு கூட்டம் போனைத் தூக்கிட்டு நிக்குது. திண்ணையில ஏறி உக்காந்து போஸ் வேற. இதெல்லாம் எழுத மாட்டீங்களா? – வாசகி, புதுச்சேரி

ப: எழுதிட்டோம்மா. வாக் போறவங்க கவனிங்க, தாழ்வாரம் வரைக்கும்தான் உங்க உரிமை, திண்ணை அவங்களோடது, கேக்காம ஏறாதீங்க. ஆள் இருக்குற வாசலை போட்டோ எடுக்கணும்னா முகத்தைப் பாத்து கேளுங்க, தலையாட்டினா எடுங்க, இல்லன்னா நகருங்க. கதவு திறந்திருக்குங்கறதுக்காக முற்றத்தை எட்டிப் பாக்குறது ரொம்ப தப்பு. நல்ல கைடா இருந்தா அந்த வீட்டு ஆளுங்களைத் தெரிஞ்சிருக்கும், பேரைச் சொல்லி கூப்பிட்டு ரெண்டு வார்த்தை பேசிட்டுத்தான் கூட்டத்தை நிறுத்துவாரு. மைக் வெச்சு கத்துறவரு கூட போகாதீங்க.

கே: அம்மாவுக்கு முட்டி வலி, 70 வயசு. கூட்டிட்டுப் போகலாமா? – வாசகர், சிதம்பரம்

ப: தாராளமா. ஊரு சமதரை, ஏத்த இறக்கம் கிடையாது. ஆனா நடைபாதை ஒரே மட்டமா இருக்காது, தமிழ்ப் பக்கம் படியும் சாக்கடை மூடியும் மாறி மாறி வரும், நல்ல செருப்பு போட்டு விடுங்க. விடிஞ்சதும் கிளம்பிடுங்க. ஜனவரி, பிப்ரவரி நல்லது, அக்டோபர்ல இருந்து டிசம்பர் வரைக்கும் மழையை நம்ப முடியாது. ஞாயித்துக்கிழமை காந்தி வீதியில சண்டே மார்க்கெட் போடுவாங்க, அன்னைக்கு அந்தப் பக்கம் அம்மாவோட நடக்க முடியாது.

கே: ஆயி மண்டபத்துல கைடு ஒரு தாசியோட கதை சொன்னாரு. உண்மையா, வெறும் கதையா? – வாசகி, நெய்வேலி

ப: கதைக்குப் பின்னால தண்ணி உண்மை. ஆயிங்கற அந்த தாசியோட மாளிகையை கோயில்னு நெனைச்சு ராஜா கும்புட்டுட்டாரு, விஷயம் தெரிஞ்சதும் கோவத்துல இடிக்கச் சொன்னாரு, அவங்க கெஞ்சி தானே இடிச்சுட்டு அந்த எடத்துல குளம் வெட்டினாங்கன்னு சொல்றது வழிவழியா வந்த பேச்சு. ராஜா பேரை ஆளுக்கு ஒண்ணா சொல்வாங்க, அதுக்கெல்லாம் சண்டை போட வேணாம். ஆனா பிரெஞ்சு சக்கரவர்த்தி மூணாம் நெப்போலியன் காலத்துல, அந்தக் குளம் இருக்குற முத்திரையர்பாளையத்துல இருந்து ஊருக்குள்ள தண்ணி கொண்டு வந்தாங்க, அதோட ஞாபகமாத்தான் பாரதி பூங்கா நடுவுல அந்த வெள்ளை மண்டபம். கிரேக்க ரோமானிய பாணியில தூணு வெச்ச கட்டடத்துக்கு குளம் வெட்டின ஒரு தமிழ்ப் பொண்ணு பேரு, எனக்கு இந்த ஊர்ல ரொம்பப் புடிச்ச விஷயம் இது. உங்க கைடு "இப்படி சொல்வாங்க"ன்னு சொல்லிட்டு கதையை ஆரம்பிச்சாரா, இல்ல வரலாறுன்னே அடிச்சு விட்டாரா? ஆள் எப்படின்னு அதுலயே தெரிஞ்சிடும்.

கே: பி.ஆர்க் ரெண்டாவது வருஷம் படிக்கிறேன். பழைய வீடு மட்டும்தானா, மாடர்னா எதுவும் இல்லையா சார்? – மாணவர், சேலம்

ப: இருக்கு தம்பி, அதுவும் சாதாரணமா இல்ல. அரவிந்தர் ஆசிரமத்து கோல்கொண்டே விடுதி. அன்டோனின் ரேமண்ட் டிசைன், ஜார்ஜ் நகாஷிமாவும் பிரான்டிசெக் சாம்மரும் கூட இருந்து கட்டினது, 1937ல வேலை ஆரம்பிச்சது. இந்தியாவுல கான்கிரீட்ல கட்டின முதல் மாடர்ன் கட்டடங்கள்ல ஒண்ணு. சுவருக்கு பதிலா முகம் முழுக்க படுக்கை வசத்துல திறந்து மூடுற பட்டைங்க, வெயிலும் மழையும் வராம காத்து மட்டும் உள்ள போகும், ஏசிக்கு வேலையே இல்ல. கோல்கொண்டா கோட்டை இருக்குற ஹைதராபாத்ல இருந்து வந்த நன்கொடையில கட்டினதால அந்தப் பேரு. இன்னமும் ஆளுங்க தங்குற எடம், அதனால முன்கூட்டியே ஆசிரமத்துல அனுமதி வாங்காம உள்ள போக முடியாது, கிடைக்கலன்னா தெருவுல இருந்தே பட்டைங்களைப் பாத்து வரைஞ்சுக்கோங்க. பிரெஞ்சு வீட்டு ஜன்னல் பட்டையை மொதல்ல வரைஞ்சுட்டு அப்புறம் இதை வரைங்க, அதே யோசனை எப்படி ஒரு முழுச் சுவரா வளந்துச்சுன்னு கை சொல்லும்.

கே: ரெண்டு மணி நேரம்தான் இருக்கு, எந்தத் தெரு? – வாசகர், சென்னை

ப: வைசியாள் வீதி, பேர்ப் பலகையில கால்வே சுப்பராய செட்டி வீதின்னு இருக்கும். பழைய கட்டடங்களைக் காப்பாத்துற இன்டாக் அமைப்பும் ஐரோப்பிய யூனியனோட ஆசியா அர்ப்ஸ் திட்டமும் சேந்து வரிசையா வீட்டு முகப்பெல்லாம் சீர்படுத்தின தெரு, 2008ல யுனெஸ்கோவோட ஆசிய பசிபிக் விருது வாங்குச்சு. ஒரு மணி நேரம் அங்க மெதுவா, தலையைத் தூக்கி மாடி, குனிஞ்சு திண்ணைன்னு போங்க. அப்புறம் அப்படியே கிழக்கால நடந்து வாய்க்காலைத் தாண்டி துய்மா வீதிக்கு வாங்க. ரெண்டு தெரு போதும், லிஸ்ட் வெச்சுட்டு ஓடாதீங்க, வெயில் ஏறினா மண்டையில எதுவும் ஏறாது.