கோடையில் நட்ட உப்புப்புதர் ஏன் பட்டுப்போனது?

கேள்வி: தென் ஆஸ்திரேலியாவில் மரே பிரிட்ஜ் அருகே கால் ஏக்கர் மனையில் வசிக்கிறோம். மண் களிமண், ஆழ்துளைக் கிணற்று நீர் உவர்ப்பு. மேற்கு வேலியோரம் காற்றைத் தடுப்பதற்காகக் கடந்த ஜனவரியில் ‘ஓல்டு மேன் சால்ட்புஷ்’ என்ற உப்புப்புதர் நாற்றுகள் 6 வாங்கி நட்டு, நிறையத் தொழுவுரம் இட்டு, நாள்தோறும் நீர் ஊற்றினோம். 4 செடிகள் மஞ்சளித்துப் பட்டுவிட்டன. விதை போட்டு வளர்க்கலாமா? இது மண்ணின் உப்பை எடுத்துவிடுமா? இலையைச் சமைக்கலாமா?

பதில்: நீங்கள் எழுதியிருப்பதைப் பார்த்தால், அந்த நான்கு செடிகளும் வேரில் காற்று இல்லாமல் மடிந்திருக்கின்றன என்றே தோன்றுகிறது. களிமண்ணில் தோண்டிய குழி ஒரு சட்டியைப் போன்றது. அதில் தொழுவுரத்தை நிரப்பித் தினமும் நீர் விட்டால், நீர் இறங்க வழியின்றித் தேங்கி, கோடை வெப்பத்தில் வேர் அழுகிவிடும். இந்தச் செடி உப்பையும் வறட்சியையும் தாங்குமே தவிர, நீர்தேக்கத்தை நெடுநாள் தாங்காது.

இரண்டாவது பிழை பருவம். ‘ஆடிப்பட்டம் தேடி விதை’ என்று கேட்டு வளர்ந்த நமக்கு, ஆடி மாதம் கடுங்குளிராகவும் மார்கழி, தை கொடுங்கோடையாகவும் இருக்கும் ஊரில் பட்டம் பிடிபடச் சில ஆண்டுகள் ஆகும். தென் ஆஸ்திரேலியாவின் தென்பகுதியில் மழை பெரும்பாலும் குளிர்காலத்தில்தான் பெய்கிறது. ஆகவே ஏப்ரல், மே மாதங்களில், முதல் மழையில் மண் நனைந்தவுடன் நட்டால், அடுத்த கோடை வருவதற்குள் வேர் ஆழத்துக்கு இறங்கிவிடும். உப்புப்புதரின் வறட்சித் தாங்கு திறனில் பெரும்பங்கு அந்த வேரைச் சேர்ந்தது. வேர் இறங்காத இளநாற்றுக்கு அந்தத் திறன் இன்னும் வந்திருக்காது.

நடுவதற்கு முன் ஒரு முழ ஆழத்தில் குழி எடுத்து, நீர் நிரப்பிப் பாருங்கள். மறுநாளும் நீர் நின்றால், அவ்விடத்தில் மண்ணைக் குவித்து மேட்டுப்பாத்தி அமைத்து அதன்மேல் நடுங்கள். தொழுவுரம் வேண்டாம். முதல் சில மாதங்களுக்குத் தொட்டியில் பிடித்த மழைநீரையே கொடுங்கள். வேரூன்றிய செடி உவர்நீரைத் தாங்கும், நாற்று திணறும். முதல் கோடையில், விரலை மண்ணுக்குள் விட்டு உலர்ந்திருந்தால் மட்டும், இரண்டு வாரத்துக்கு ஒருமுறை ஆழமாக நனையும்படி நீர் விட்டால் போதும். சிறிது சிறிதாக அடிக்கடி ஊற்றினால் வேர் மேல்மண்ணிலேயே தங்கிவிடும்.

இந்தப் புதரின் தாவரப் பெயர் அட்ரிப்ளெக்ஸ் நும்முலாரியா. சிறு காசைப் போன்ற வட்ட இலையால் வந்த பெயர். ஓர் இலையைக் கைக்கண்ணாடியில் பாருங்கள். நுண்ணிய நீர்க்கொப்புளங்கள் போன்ற மயிர்கள் நெருங்கி நிற்கும். செடி மிகுதியான உப்பை அவற்றுக்குள்தான் ஒதுக்கி வைக்கிறது. அவை உலர்ந்து படிந்த படலமே இலைக்குச் சாம்பல் வெள்ளி நிறத்தைத் தந்து, வெயிலையும் எதிரொளிக்கிறது. மண்ணின் உப்பைப் பற்றிய உங்கள் கேள்விக்கும் விடை இங்கேயே இருக்கிறது: இலைக்கு ஏறிய உப்பு, இலை உதிரும்போது மீண்டும் மண்ணுக்கே வந்துவிடும். கழித்த கிளைகளை அப்புறப்படுத்தினாலும் குறைவது சொற்பமே என்பதால், நிலம் திருந்தும் என்று எதிர்பார்த்து நடாதீர்கள்.

விதையிலிருந்து வளர்க்கலாம், ஆனால் விதையைச் சுற்றியுள்ள காகிதம் போன்ற உறையிலும் உப்பு இருப்பதால் முளைப்பு தடைபடும். மெல்லிய துணியில் முடிந்து, நல்ல நீரில் ஊறவைத்து, நீரைச் சில முறை மாற்றிக் கழுவிய பிறகு விதையுங்கள். அதைவிட, பாதி முற்றிய கிளையிலிருந்து விரல்நீளப் போத்துகளை வெட்டி மணலில் ஊன்றுவது எளிது.

இந்தப் புதர் 3 மீட்டர் உயரமும் அதே அளவு அகலமும் வளரக்கூடியது. மேற்கு வேலிக்குப் பொருத்தம்தான்; 2 மீட்டர் இடைவெளி விட்டு, ஆண்டுதோறும் கவாத்து செய்தால் அடிவரை அடர்ந்து நிற்கும். நடைபாதையோரத்துக்கு ரூபி சால்ட்புஷ் ஏற்றது. சிவப்பும் மஞ்சளுமாகக் காய்க்கும் அதன் சிறுபழங்களைப் பறவைகள் விரும்பி உண்ணும். நிலத்தை மூடுவதற்குப் படர்வகை சால்ட்புஷ் இருக்கிறது. மிக மெதுவாக வளர்ந்து நெடுங்காலம் வாழும் பேர்ல் புளூபுஷ் என்ற புதர் எனக்கு மிகவும் பிடித்தது. பொறுமை இருந்தால் ஒன்றேனும் வையுங்கள். வாய்ப்பு கிடைக்கும்போது, போர்ட் அகஸ்டாவில் 1996இல் திறக்கப்பட்ட வறண்ட நிலத் தாவரவியல் பூங்காவுக்குச் சென்று, இவை முழு வளர்ச்சியில் எப்படி நிற்கின்றன என்று பார்த்துவிட்டுத் தேர்ந்தெடுங்கள்.

இலையைச் சமைக்கலாம். பீட்ரூட், தண்டுக்கீரை ஆகியவற்றின் குடும்பத்தைச் சேர்ந்த செடி இது. இளந்தளிரைக் கொதிநீரில் வேகவைத்து, நீரை வடித்த பின், உப்புச் சேர்க்காமல் பருப்பில் போடுங்கள். ஆக்சலேட் மிகுந்தது என்பதால் சிறுநீரகக் கல் உள்ளவர்கள் தவிர்ப்பது நல்லது. மருந்து தெளித்திருக்கக்கூடிய நாற்றங்கால் செடியின் இலையை உடனே பறிக்காமல், புதிதாகத் துளிர்த்ததையே எடுங்கள்.

மீந்துள்ள இரண்டு செடிகளை அவசரப்பட்டுப் பிடுங்க வேண்டாம். நாள்தோறும் நீர் ஊற்றுவதை நிறுத்திவிட்டு, தண்டின் அடியில் நகத்தால் மெல்லக் கீறிப் பாருங்கள். உள்ளே பச்சை தெரிந்தால், தூரைச் சுற்றியுள்ள உரத்தை வாரிவிட்டு, நீர் வடியச் சிறு வாய்க்கால் கிழித்து விடுங்கள். மழைக்காலம் தொடங்கியதும் அவற்றை மண்கட்டி உடையாமல் மேட்டுப்பாத்திக்கு மாற்றிக்கொள்ளலாம்.