திபிலிசியிலிருந்து உப்லிஸ்த்சிகே குகை நகரத்துக்கு ஒரு நாள் டூர் போகலாமா? கைடு வேண்டுமா?

ஜார்ஜியாவுக்கு நாலு நாள் போகிறோம், தலைநகர் திபிலிசியில் தங்குகிறோம்; குகை நகரத்துக்கு டூரில் போவதா, நாமே கார் பிடித்துப் போய்ப் பார்த்துவிட்டு வருவதா, அறுபது தாண்டிய அப்பா அம்மாவால் ஏற முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். நான் துபாயில் வேலை பார்க்கிறேன். இங்கிருந்து திபிலிசிக்கு விமானத்தில் மூன்றரை மணி நேரம்தான் என்பதால் வளைகுடாவில் இருக்கும் நம்மவர்கள் நிறையப் பேர் விடுமுறைக்கு அங்கே போகிறார்கள். நாங்களும் அப்பாவைக் கூட்டிக்கொண்டு குடும்பமாகப் போய்வந்தோம். அந்த அனுபவத்தில் சொல்கிறேன்.

போங்கள். கண்டிப்பாகக் கைடோடு போங்கள். ஆனால் பணம் கட்டுவதற்கு முன் டூர்க்காரரிடம் இரண்டு கேள்வி கேட்டுவிடுங்கள். வண்டியில் வருபவர் டிரைவர் மட்டுமா, கைடும் உண்டா? குகை நகரத்தில் எவ்வளவு நேரம் விடுவீர்கள்?

முதல் கேள்வி ஏன் என்றால், அங்கே ‘டூர்’ என்று விற்கப்படுவதில் பாதிக்கு மேல் கார், டிரைவர் ஏற்பாடு மட்டும்தான். டிரைவர்கள் நல்ல மனிதர்கள், பத்திரமாகக் கூட்டிப்போய்க் கூட்டிவருவார்கள். ஆனால் மேலே ஏறி வந்து விளக்க மாட்டார்கள், கார் நிறுத்துமிடத்திலேயே காத்திருப்பார்கள். வேறு சில ஊர்களில் அது போதும். உப்லிஸ்த்சிகேயில் போதாது. அங்கே பெரும்பாலான குகைகளில் ஓவியம் கிடையாது, சிலை கிடையாது, எழுத்தும் கிடையாது. சொல்ல ஆள் இல்லையென்றால் ஐந்தாவது குகைக்குப் பிறகு எல்லாம் ஒரே மாதிரி தெரியும். போட்டோ எடுத்துக்கொண்டு அரை மணியில் இறங்கிவிடுவீர்கள். அதைத்தான் பலரும் செய்கிறார்கள், பார்த்தபோது எனக்கு ஆற்றாமையாக இருந்தது. காரை மட்டும் ஏற்பாடு செய்து போகிறவர்கள் டிக்கெட் கவுன்ட்டரிலேயே கைடு கிடைப்பாரா என்று விசாரித்து, அவரோடு ஏறுங்கள்.

இரண்டாவது கேள்விக்குக் காரணம், இந்த டூர் வழக்கமாகப் போகும் பாதை. காலையில் ஜ்வாரி மடாலயம், அடுத்து பழைய தலைநகரான ம்த்ஸ்கேத்தா, பிறகு கோரி, கடைசியாகத்தான் உப்லிஸ்த்சிகே. முன்னால் உள்ள இடங்கள் நேரத்தைத் தின்றுவிட்டால், எதற்காகக் கிளம்பினோமோ அந்த இடத்துக்கு முக்கால் மணிதான் மிஞ்சும். குறைந்தது ஒன்றரை மணி, முடிந்தால் இரண்டு மணி நேரம் என்று முன்கூட்டியே பேசிவையுங்கள்.

வழியில் உள்ளவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஜ்வாரி குன்றின் மேல் நின்றால் அராக்வி ஆறும் ம்த்க்வாரி ஆறும் கலப்பது தெரியும். இரண்டும் இரண்டு நிறம். ம்த்ஸ்கேத்தாவில் இருக்கும் ஸ்வெதித்ஸ்கோவேலி பேராலயம் 11ஆம் நூற்றாண்டுக் கட்டடம். ஜ்வாரி உட்பட ம்த்ஸ்கேத்தாவின் பழைய தேவாலயங்கள் 1994 முதல் யுனெஸ்கோ பட்டியலில் இருக்கின்றன. இந்த இரண்டும் அருமையான இடங்கள், நேரம் கொடுக்கலாம். பெண்கள் தலையை மூட ஒரு துப்பட்டா வைத்துக்கொள்ளுங்கள், ஆண்கள் அரை டவுசரைத் தவிர்த்துவிடுங்கள்.

கோரி, ஸ்டாலின் பிறந்த ஊர். அவர் பிறந்த சின்ன வீட்டை ஒரு மண்டபத்துக்குள் பாதுகாத்து, பின்னால் பெரிய மியூசியம் வைத்திருக்கிறார்கள். அவர் பயணம் செய்த ரயில் பெட்டியும் வளாகத்தில் நிற்கிறது. என் கருத்தைக் கேட்டால், நேரம் குறைவு என்றால் வெட்ட வேண்டியது இதைத்தான். வீட்டையும் ரயில் பெட்டியையும் வெளியிலிருந்து பார்த்துவிட்டுக் கிளம்பலாம். உள்ளே அறை அறையாகப் படங்களும் பரிசுப் பொருள்களும்தான் அதிகம். லட்சக்கணக்கானவர்களைக் காவு வாங்கிய ஆட்சியைப் பற்றி அங்கே போதுமான அளவு பேசவில்லை என்பது என் வருத்தம்.

சரி, இனி குகை நகரம்.

கோரியிலிருந்து கிழக்கே பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர். ம்த்க்வாரியின் இடது கரையில் (இதே ஆற்றுக்குக் குரா என்றும் பெயர்) ஒரு மணற்பாறைக் குன்று. தூரத்திலிருந்து பார்த்தால் வெளிறிய பழுப்பு நிறத்தில் வெறும் பாறைமேடு மாதிரிதான் இருக்கும். கிட்டப் போகப் போகத்தான் அதில் வாசல்கள் தெரிய ஆரம்பிக்கும். இரும்புக் காலத்தின் தொடக்கத்திலேயே இங்கே ஆட்கள் குடியிருந்திருக்கிறார்கள். அப்போதிருந்து இடைக்காலத்தின் பிற்பகுதி வரை, இரண்டாயிரம் வருஷத்துக்கும் மேலாக இது ஏதோ ஒரு வகையில் உயிரோடு இருந்த ஊர். ஏறக்குறைய எட்டு ஹெக்டேர் பரப்பு. கீழ்ப்பகுதி, நடுப்பகுதி, மேல்பகுதி என்று பிரிக்கிறார்கள். நடுப்பகுதியில்தான் குகைகள் அதிகம்.

எங்களுக்கு வந்த கைடு ஒரு நடுவயதுப் பெண். ஏறத் தொடங்கியதும் அவர் முதலில் காட்டியது குகையை இல்லை, எங்கள் காலடியை. பாறையில் விரல் அகலத்துக்கும் உள்ளங்கை அகலத்துக்குமாகக் கால்வாய்கள் வெட்டியிருந்தன. மழைத் தண்ணீர் வாசலுக்குள் போகாமல் திருப்பிவிட ஒன்று, தொட்டியில் சேர்க்க இன்னொன்று. அந்தக் கோடுகளைப் பார்க்கப் பழகிவிட்டால் எது தெரு, எது முற்றம், எது வீட்டுக்குள் என்பது தானாகப் புரிய ஆரம்பிக்கிறது. இன்னோரிடத்தில் தரையில் ஒரு தொட்டி, அதன் ஓரத்தில் துளை, துளைக்கு நேர் கீழே ஒரு குழி. திராட்சையை மிதித்துச் சாறு எடுக்கும் இடம் அது. மண்ணில் புதைத்த பெரிய தாழிகளில் ஒயின் செய்வது இன்றும் ஜார்ஜியாவின் வழக்கம். 2013இல் அந்த முறையை யுனெஸ்கோ தன் மரபுப் பட்டியலில் சேர்த்தது. அந்தத் தொட்டிக்குப் பக்கத்தில் நின்று கேட்கும்போது ஊர் கண்ணுக்குள் வந்துவிடுகிறது.

‘தாமர் மண்டபம்’ என்று ஒன்று இருக்கிறது. 12ஆம் நூற்றாண்டில் பட்டத்துக்கு வந்த தாமர் ராணியின் பெயர் பிற்காலத்தில் அதற்கு ஒட்டிக்கொண்டது. மண்டபம் அவரைவிடப் பல நூற்றாண்டு மூத்தது. பாறையிலேயே விட்டு வெட்டிய இரண்டு தூண்கள், அவற்றுக்குப் பின்னால் கல் இருக்கை. நாங்கள் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தோம். கைடு அண்ணாந்து பார்க்கச் சொன்னார். கூரையில் வரிசையாக உத்தரங்கள்! மரக் கட்டைகளை அடுக்கியது போலவே உருட்டி, கல்லில் செதுக்கியிருக்கிறார்கள். நடுவில் புகை போகவும் வெளிச்சம் வரவும் ஒரு திறப்பு.

குன்றைக் குடைந்த அறைக்கு உத்தரம் தேவையே இல்லை. அது எதையும் தாங்கவில்லை. அப்புறம் ஏன் செதுக்கினார்கள்? மர உத்தரமும் நடுவில் புகைத் திறப்பும் உள்ள வீடுதான் அந்த மண்ணின் பழைய வீடு. குன்றுக்குள் குடைந்தாலும் கூரை என்றால் இப்படித்தான் இருக்க வேண்டும் என்று அவர்கள் கைக்குத் தெரிந்திருக்கிறது. மாமல்லபுரத்தில் திரௌபதி ரதத்தைச் சுற்றி வந்தவர்களுக்கு இது உடனே பிடிபடும். கூரை வேய்ந்த குடிசையை அப்படியே கல்லில் வடித்தது அது. அப்பா அந்த மண்டபத்தில் அண்ணாந்தபடியே வெகுநேரம் நின்றார். அவர் தச்சு வேலை தெரிந்தவர். உத்தரங்களுக்கு இடையே விட்ட இடைவெளி சரியாக இருக்கிறது, நிஜ மரத்தை வைத்துக் கட்டியவன்தான் இதைச் செதுக்க முடியும் என்றார். கைடுக்கு அதை ஆங்கிலத்தில் சொன்னேன். அவர் மகிழ்ந்துபோய், அதன் பிறகு ஒவ்வொரு கூரையையும் அப்பாவுக்குத்தான் முதலில் காட்டினார்.

இன்னொரு மண்டபம் ஆற்றைப் பார்த்தபடி திறந்திருக்கிறது. ‘தியேட்டர்’ என்றே அழைக்கிறார்கள். அதன் கூரையில் எண்கோணக் கட்டங்கள், ரோமானியர் பாணி. கி.பி. முதல் நூற்றாண்டுகளைச் சேர்ந்த கோயிலாக இருக்கலாம், வழிபாட்டுச் சடங்குகளை நாடகம் போல் நடத்தியிருக்கலாம் என்பது ஆய்வாளர்களின் ஊகம். ஒரே குன்றில் ஒரு கூரை உள்ளூர்த் தச்சனைப் பின்பற்றுகிறது, இன்னொரு கூரை ரோமைப் பின்பற்றுகிறது. ஆசியாவிலிருந்து ஐரோப்பா போகும் வணிகப் பாதையில் இருந்த ஊர் என்பதற்கு எனக்கு இதைவிட வேறு சான்று தேவைப்படவில்லை.

சுவர் முழுக்கச் சின்னச் சின்ன மாடங்கள் வெட்டிய ஓரிடமும் உண்டு. மருந்துக்கடை என்கிறார்கள், புறாக்கூடு என்றும் சொல்கிறார்கள். எங்கள் கைடு இரண்டையும் சொல்லிவிட்டு, எது என்று உறுதியாகச் சொல்ல ஆள் இல்லை என்றார். இப்படி ஒளிவுமறைவில்லாமல் சொல்லும் கைடு கிடைத்தால் அவர் சொல்லும் மற்றதையும் நம்பலாம்.

உச்சியில் பத்தாம் நூற்றாண்டையொட்டிக் கட்டிய தேவாலயம் தனியாக நிற்கிறது. 4ஆம் நூற்றாண்டில் அரசு கிறிஸ்தவத்துக்கு மாறியபோது பழைய வழிபாட்டின் தலைமையிடமான இந்த ஊரின் செல்வாக்கு ம்த்ஸ்கேத்தாவிடமும் பிறகு திபிலிசியிடமும் போனது. அரபுகள் திபிலிசியைப் பிடித்தபோது ஜார்ஜியர்கள் மறுபடி இதைத் தங்கள் கோட்டையாக்கிக்கொண்டார்கள். மங்கோலியர் வந்து போன பிறகு ஊர் எழவே இல்லை; சண்டைக் காலத்தில் ஒளிந்துகொள்ளும் இடமாக மட்டும் இருந்தது. 1920இல் கோரியை உலுக்கிய நிலநடுக்கத்தில் பலவீனமாக இருந்த பகுதிகள் இடிந்து விழுந்தன. அதனால் இன்று நாம் பார்ப்பது மிச்சம்தான். மணற்பாறை மென்மையானது, வெட்டவும் சுலபம், கரையவும் சுலபம். தயவுசெய்து சுவரில் பெயர் கிறுக்குகிறவர்களைப் பார்த்தால் தடுங்கள். எங்கள் கண்முன்னே ஒருவர் சாவியை எடுத்தார், கைடு ஓடிப்போய்க் கையைப் பிடித்துவிட்டார்.

பெரியவர்கள் விஷயம். தினமும் அரை மணி நேரம் நடக்கிற, மூட்டு வலி அதிகம் இல்லாத பெரியவர்களால் ஏற முடியும். ஏற்றம் நீளமில்லை, ஆனால் படிகள் சீராக இல்லை, பல இடங்களில் சரிவான பாறை மேல் நடக்க வேண்டும், எல்லா இடத்திலும் கைப்பிடியும் கிடையாது. காய்ந்த நாளில் பாறை மேல் மணல் சறுக்கும், மழை நாளில் பாறையே சறுக்கும். செருப்பு வேண்டாம், பிடிப்புள்ள ஷூ போடுங்கள். நிழலுக்கு ஒரு மரம்கூட இல்லாததால் ஜூலை, ஆகஸ்டில் நடுப்பகலைத் தவிர்த்துவிடுங்கள். காற்று பலமாக அடிக்கும், தொப்பியைவிடத் துண்டு நல்லது. ஏப்ரல், மே, செப்டம்பர், அக்டோபர் மாதங்கள் வசதி.

இறங்கும்போது பாறைக்குள்ளேயே ஆற்றுப் பக்கம் இறங்கும் சுரங்கப்பாதை ஒன்று இருக்கிறது. முற்றுகைக் காலத்தில் தப்பிக்கவும் தண்ணீர் எடுக்கவும் வெட்டியது என்கிறார்கள். பிள்ளைகளுக்கு ரொம்பப் பிடிக்கும். படிகள் செங்குத்து என்பதால் முழங்கால் தொந்தரவு உள்ளவர்கள் ஏறிய வழியிலேயே திரும்பி வந்துவிடலாம். நாங்கள் அப்படித்தான் பிரிந்து இறங்கினோம். அப்பாவோடு கைடு போனார்.

சாப்பாட்டுக்குச் சைவக்காரர்கள் பயப்பட வேண்டாம். பீன்ஸ் வைத்துச் சுடும் லோபியானி, சீஸ் ரொட்டியான கச்சாபுரி, வால்நட் அரைத்துத் தடவிய கத்திரிக்காய் எல்லா ஊரிலும் கிடைக்கும். பால், முட்டைகூட வேண்டாம் என்றால் ‘சமார்க்வோ’ என்று கேளுங்கள். அவர்கள் சர்ச் விரத நாட்களில் சாப்பிடும் உணவு அது. இறைச்சி, பால், முட்டை எதுவும் இருக்காது. குகை நகர வாசலில் பெரிதாக எதுவும் கிடைக்காது, கோரியிலேயே சாப்பிட்டுவிட்டு வாருங்கள். தண்ணீர் பாட்டில் கையில் இருக்கட்டும்.

வார்ட்சியா போகலாமா என்று சிலர் யோசிப்பார்கள். அதுவும் குகைகள்தான், 12ஆம் நூற்றாண்டு மடாலயம், உள்ளே தாமர் ராணியின் சுவரோவியம் இருக்கிறது. ஆனால் திபிலிசியிலிருந்து போக மட்டும் நாலு மணி நேரம் ஆகும். பெரியவர்களை வைத்துக்கொண்டு ஒரே நாளில் போய்த் திரும்புவது வதை. நாலு நாள் பயணத்தில் உப்லிஸ்த்சிகே போதும்.

கடைசியாக ஒன்று. குகைகள் காலியாக இருப்பதற்கு ஒரு காரணம், அங்கே தோண்டியெடுத்த தங்க, வெள்ளி நகைகள், வெண்கலப் பொருள்கள், மண்பாண்டங்கள் பலவும் திபிலிசியில் உள்ள தேசிய அருங்காட்சியகத்தின் பொறுப்பில் இருப்பதுதான். ருஸ்தவேலி சாலையில் இருக்கிறது, திங்கள்கிழமை விடுமுறை. முடிந்தால் டூருக்கு மறுநாள் போங்கள், முந்தின நாள் வேண்டாம். குன்றைப் பார்த்த பிறகு போனால், கண்ணாடிக்குள் இருக்கும் ஒரு குடம் எந்த மாதிரி வாசலுக்குள்ளிருந்து வந்திருக்கும் என்று தெரிந்துகொண்டே பார்ப்பீர்கள்.