அடைமுட்டையைக் கையில் எடுக்கும்போது: கேள்வி–பதில்

கேள்வி: யாழ்ப்பாணத்திலிருந்து இரவு பஸ்ஸில் 12 ஊர்க்கோழி முட்டை வந்திருக்கிறது. இன்றைக்கே இன்கியுபேட்டரில் வைக்கலாமா? (வெள்ளவத்தை)

பதில்: வேண்டாம், ஒரு நாள் பொறுங்கள். இரவு முழுக்கக் குலுங்கி வந்த முட்டை அது. அகன்ற முனையில் காற்றறை இருக்கிறது, குலுக்கலில் அதன் சவ்வு உரிந்துவிடலாம். இருட்டறையில் அந்த முனையில் டோர்ச்சைப் பிடித்து முட்டையை மெதுவாகச் சாய்த்துப் பாருங்கள். காற்றறை வட்டமாகத் தெரியும். ஓரிடத்தில் நிற்க வேண்டிய அந்த வட்டம், மேசன் மட்டம் பார்க்கும் குழாயில் ஓடுகிற குமிழிபோல அங்குமிங்கும் போனால் கழன்றுவிட்டது என்று அர்த்தம். அதற்காக எறிந்துவிடாதீர்கள், நிமிர்த்தியே வைத்தால் சிலது பொரிக்கும். எல்லாவற்றையும் கூர்முனை கீழே இருக்க, தட்டில் அசையாமல் வையுங்கள். ஆனால் குசினியில் வைக்க வேண்டாம். கொழும்பு வெக்கையில் கரு அரைகுறையாக வளரத் தொடங்கிச் செத்துப்போகும். பிரிட்ஜும் கூடாது, அது மிகக் குளிர். ஏசி அறை இருந்தால் நல்லது.

கேள்வி: ஒரு நாளைக்கு எத்தனை தரம் திருப்புவது?

பதில்: 3 அல்லது 5. ஒற்றைப்படையாக இருந்தால்தான் இரவு நீண்ட நேரம் கிடக்கிற பக்கம் நாளுக்கு நாள் மாறும். பென்சிலால் ஒரு பக்கம் பெருக்கல் குறி, மறுபக்கம் வட்டம் போடுங்கள், பேனை மை வேண்டாம். ஒரே திசையில் சுற்றிக்கொண்டே போகாமல் ஒரு தரம் வலம் என்றால் அடுத்த தரம் இடம். திருப்பாவிட்டால் கரு ஓட்டுச் சவ்வில் ஒட்டிக்கொள்ளும். 18ஆம் நாளோடு நிறுத்திவிடுங்கள், அப்புறம் குஞ்சு வெளியேறும் நிலைக்குத் தன்னைத் திருப்பிக்கொள்கிறது, இன்கியுபேட்டர் மூடியையும் திறக்கக் கூடாது.

கேள்வி: கரண்ட் போனால்?

பதில்: திறந்து பார்க்காதீர்கள். காற்றுத் துளைகளை விட்டுவிட்டு மேலே போர்வை போடுங்கள். ஒன்றிரண்டு மணித்தியாலம் தாங்கும்; அடைக்கோழியும் இரைக்கு எழும்பிப் போய்வருகிறதுதானே.

கேள்வி: மொட்டைமாடியில் அடைகிடக்கும் கோழியைக் கீழே கொண்டுவர வேண்டும். எப்படி? (கொட்டாஞ்சேனை)

பதில்: நன்றாக இருட்டிய பிறகு செய்யுங்கள், பகலில் மாற்றினால் பழைய இடத்தையே தேடி ஓடும். நேரே தூக்கிவிடாதீர்கள். முதலில் உள்ளங்கையை அடியில் விட்டு இரண்டு செட்டைகளையும் சற்று உயர்த்துங்கள். அங்கே ஒரு முட்டையாவது இடுக்கிக்கொண்டிருக்கலாம், தூக்கிய பிறகு விழுந்தால் மற்ற முட்டைகளும் உடையும். முட்டைகளை உமி பரப்பிய கூடையில், ஒன்றோடொன்று தட்டாமல் இறக்கி, புதுக் கூட்டில் வைத்துவிட்டுக் கோழியை அதன்மேல் விடுங்கள். விடியும்வரை சாக்கால் மூடி வையுங்கள்.